உலகிடைக் காடு கண்ட லூயிஸ்

அயர்லாந்துத் தீவின் வடகிழக்குக் கரையில் அமைந்தது பெல்பாஸ்ட் நகரம். கப்பல் கட்டும் தொழிலால் பெயர் பெற்ற அந்நகரில், 1898ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 29ஆம் நாள், வழக்குரைஞர் ஆல்பர்ட் லூயிஸ் என்பாருக்கும் புளோரா அம்மையாருக்கும் இரண்டாம் மகனாகத் தோன்றியவர் கிளைவ் ஸ்டேபிள்ஸ் லூயிஸ். அன்னையார் சமயகுரு ஒருவரின் மகளார். பெண்டிர் உயர்கல்வி பெறுதல் அரிதாயிருந்த அக்காலத்திலேயே அளவை நூலும் கணிதமும் பயின்று பட்டம் பெற்றவர். மைந்தருக்கு இலத்தீனும் பிரெஞ்சும் முதன்முதற் கற்பித்தவர் அவரே.

1905ஆம் ஆண்டில் அக்குடும்பம் நகர்ப்புறத்தே ஒரு பெரிய மனையிற் குடியேறிற்று. நீண்ட நடைவழிகளும், மேல்மாடத்துச் சிற்றறைகளும், எங்கு நோக்கினும் நூல்களும் நிறைந்த மனை அது. மழை மிக்க ஊராதலின் வெளியே சென்று விளையாட இயலாத நாள்கள் பல. அந்நாள்களில் சிறுவர் லூயிஸ் மேல்மாடத்தில் அமர்ந்து ஒரு நாட்டைப் படைத்தார். விலங்குகள் ஆடை உடுத்து, மாந்தரைப் போலப் பேசி வாழும் நாடு அது. மூன்றாண்டு மூத்த தமையனார் வாரனுக்கோ நீராவிக் கப்பலிலும் புகைவண்டியிலுமே நாட்டம். அவர் படைத்துக்கொண்ட நாட்டின் பெயர் இந்தியா! பெயர் நம்முடையதே ஆயினும், இமயமலை வடகடற்கரையில் நிற்க, நாற்புறமும் நீர் சூழ்ந்த தீவாக அதனை அவர்கள் வரைந்து வைத்திருந்தனர். பின்னர் உடன்பிறந்தார் இருவரும் தத்தம் நாடுகளுக்கிடையே கப்பல் வழிகளை வகுத்து, இரண்டையும் ஒன்றாக்கிப் பாக்சன் எனப் பெயரிட்டனர். தனித்தனி உலகங்களை ஒரு வழியால் இணைக்கும் வேலை அவருக்கு அவ்வளவு இளமையிலேயே தொடங்கிவிட்டது.

1908ஆம் ஆண்டின் தொடக்கத்தில் அன்னையார் புற்றுநோயால் வீழ்ந்தார். அறுவை மருத்துவம் வீட்டிலேயே நடந்தது. மருத்துவர்கள் வருவதும் போவதும், கதவுகள் மெல்லச் சாத்தப்படுவதும், மருந்து நாற்றமும் ஒன்பது வயதுச் சிறுவருக்கு எதனை உணர்த்தினவோ! அன்னை பிழைத்தெழ வேண்டுமென்று அவர் இறைவனை வேண்டினார். ஆகஸ்டுத் திங்கள் 23ஆம் நாள் அம்மையார் இறந்தார். அது தந்தையாரின் பிறந்தநாளும் ஆகும். துயரில் ஆழ்ந்த தந்தையார் சில வாரங்களுக்குள் இளைய மகனையும் கடல் கடந்து இங்கிலாந்திலுள்ள ஒரு விடுதிப் பள்ளிக்கு அனுப்பினார். அப்பள்ளியில் அடி மிகுதி, கல்வி குறைவு. பின்னர்க் கிர்க்பாட்ரிக் என்னும் முதிய ஆசிரியரிடம் தனித்துப் பயின்றபோதே அவருடைய அறிவு மலர்ந்தது. காரணம் காட்டாத எச்சொல்லையும் ஏற்காத அவ்வாசிரியர், கிரேக்கக் காப்பியங்களை மூலமொழியிலேயே படிக்கச் செய்தார்.

1917ஆம் ஆண்டு ஆக்ஸ்போர்டிற் சேர்ந்த சில திங்களிலேயே முதல் உலகப் போர் அவரை அழைத்துக்கொண்டது. பிரான்சு நாட்டுப் போர்முனையின் பதுங்குகுழியை அவர் அடைந்த நாள் அவருடைய பத்தொன்பதாம் பிறந்தநாள். 1918 ஏப்ரலில் குண்டுச் சிதறல்களால் புண்பட்டு மீண்டார். உடன் பயிற்சி பெற்ற நண்பர் ஒருவர் அப்போரில் மாண்டார். அவருக்குத் தந்த வாக்கின்படி அந்நண்பரின் தாயாரை, அவ்வம்மையார் 1951இல் இறக்குமளவும் லூயிஸ் பேணினார். தன் தாயைப் பேணும் பேறு வாய்க்காதவர், பிறர் தாயை முப்பதாண்டிற்கு மேல் பேணியமை எண்ணத்தக்கது.

ஆக்ஸ்போர்டில் மூன்று தேர்விலும் முதல் வகுப்பிற் தேறி, 1925இல் மாக்டலன் கல்லூரியில் ஆசிரியரானார். டோல்கீன் முதலிய நண்பர்கள் வியாழன்தோறும் மாலையில் அவர் அறையிற் கூடித் தாம் எழுதியவற்றைப் படித்துக் காட்டுவர். இளமையில் இழந்த சமயப் பற்று 1931இல் அவரிடம் மீண்டது. இரண்டாம் உலகப் போர் தொடங்கிய 1939இல், குண்டுவீச்சுக்கு அஞ்சி நகரங்களினின்று அனுப்பப்பட்ட சிறார் சிலர் அவர் வீட்டிலும் தங்கினர். மக்கட்பேறு இல்லாத அவ்வீட்டில் கதைகள் முளைத்தன. ஆடை வைக்கும் அலமாரி ஒன்றின் வழியே நான்கு சிறார் நார்னியா என்னும் வேற்றுலகிற் புகுந்த கதை 1950இல் வெளிவந்தது. 1956க்குள் நூல்கள் ஏழாயின.

அவற்றுள் 1955இல் வந்த ஆறாம் நூல், அந்த நார்னியா தோன்றிய வரலாற்றைக் கூறுவது. பலகாலம் எழுதியும் நிறுத்தியும் அவர் முடித்த நூல் அது. உலகங்களுக்கிடையே ஒரு காடு அதில் வருகின்றது. காற்று அசையாது, பறவை ஒலியாது, பூச்சியும் இல்லை. அடர்ந்த இலைகளினூடே பசுமை ஒளி மட்டும் கசியும். மரங்களின் நடுவே, சில அடி இடைவெளியில், எண்ணற்ற சிறுகுளங்கள். ஒவ்வொரு குளமும் ஓர் உலகின் வாயில். மஞ்சள் மோதிரத்தைத் தொட்டார் அக்காட்டை அடைவர். பச்சை மோதிரம் அணிந்து குளத்துள் இறங்கினார் அக்குளத்திற்குரிய உலகை அடைவர். ஆங்கு நிற்பார்க்கு உறக்கம் வருவதுபோல் இருக்கும். வந்த ஊரும் மறக்கும். ஆதலின் தம் உலகிற்குரிய குளத்தை அடையாளமிட்டு வையாதவர் என்றும் வீடு திரும்பார்.

இலண்டனில் வாழும் டிகரி என்னும் சிறுவன், அண்டைவீட்டுச் சிறுமி பாலியுடன் அக்காட்டை அடைகின்றான். அவனுடைய தாய் நோயுற்றுச் சாகக் கிடக்கின்றாள். ஒரு குளத்தின்வழி, அரசி ஒருத்தி கூறிய ஒரே சொல்லால் உயிரெல்லாம் மாய்ந்துபோன பாழுலகை இருவரும் காண்கின்றனர். உறங்கிய அவ்வரசியையும் எழுப்பிவிடுகின்றனர். மற்றொரு குளத்தின்வழி நார்னியா பிறப்பதைக் காண்கின்றனர். அதனைப் படைத்த அஸ்லான் என்னும் அரிமா, மலைக்கப்பாலுள்ள தோட்டத்தினின்று ஒரு கனி கொணருமாறு டிகரியை ஏவுகின்றது. நோய் நீக்கும் கனி அது. பறித்த கையோடு அதனைத் தாயிடமே கொண்டு செல்லுமாறு அவ்வரசி தூண்டுகின்றாள். சிறுவன் உள்ளம் தடுமாறுகின்றது. பாலியை இங்கேயே விட்டுச் செல்க என்று அவள் மேலும் சொன்னபோது, அவள் பரிவின் பொய்ம்மை அவனுக்கு விளங்குகின்றது. தாய் பிழையாள் என்றே எண்ணி, கனியை அரிமாவிடம் சேர்க்கின்றான். அக்கனியை ஊன்ற முளைத்த மரத்தினின்று ஒரு கனி பின்னர் அவனுக்கே அளிக்கப்படுகின்றது. அதனை உண்டு தாய் பிழைக்கின்றாள்.

வாழ்வில் கிட்டாததைக் கதையில் வாரி வழங்குதல் எழுதுவோர்க்கு எளிது. லூயிஸ் அதனை எளிதாக வழங்கவில்லை. கையில் இருந்த கனியைச் சிறுவன் கொடுத்துவிட்ட பின்னரே தாயை எழச் செய்தார். அக்கனியின் வித்தில் இலண்டன் தோட்டத்தில் வளர்ந்த மரம் புயலில் வீழ, அதன் பலகையால் செய்யப்பட்டதே முதற்கதையின் அலமாரி என்றும் இணைத்துக் காட்டினார்.

1954இல் கேம்பிரிட்ஜிற் பேராசிரியரான லூயிஸ், 1956இல் அமெரிக்க எழுத்தாளர் ஜாய் டேவிட்மன் அம்மையாரை மணந்தார். அம்மையாருக்கு இரு மைந்தர் இருந்தனர். அவ்வாண்டிலேயே அவருக்குப் புற்றுநோய் எனத் தெரிந்தது. அன்னையாரைக் கொண்ட அதே நோய். இடையே நோய் தணிந்து நம்பிக்கை தந்தது. 1960 ஜூலையில் அம்மையார் மறைந்தார். தாயற்ற அச்சிறார் இருவரும் லூயிஸின் பொறுப்பாயினர். தம் துயரை ஒரு சிறுநூலாக எழுதிப் புனைபெயரில் வெளியிட்டார்.

1963 நவம்பர் 22ஆம் நாள், அமெரிக்கத் தலைவர் கென்னடி சுடப்பட்ட அதே நாளில், ஆக்ஸ்போர்டிலுள்ள தம் இல்லத்தில் லூயிஸ் உயிர்நீத்தார். அருகிருந்தவர் தமையனார் வாரன். அன்னையார் இறந்த நாளில் தந்தையாரின் நாட்காட்டியிற் கண்ட ஷேக்ஸ்பியர் நாடகத் தொடர் ஒன்றை ஐம்பத்தைந்து ஆண்டுகளாக நினைவில் வைத்திருந்த அவர், அதனையே தம்பியின் கல்லறையிற் பொறிக்கச் செய்தார்.