தன்னையே படமாக்கிய மாயா டெரன்

ஓவியர் தம் உருவத்தைத் தாமே தீட்டுவது நெடுநாளைய மரபு. அம்மரபைத் திரைப்படச் சுருளில் நிகழ்த்திக் காட்டியோருள் முன்வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் மாயா டெரன் அம்மையார். தம்மையே படமாக்கிய ஒருவர் தற்பெருமைக்கு ஆளாகாமல் இருக்க இயலுமா என்னும் வினாவுக்கு அவர்தம் வாழ்வில் விடை காண முயல்வோம்.

அம்மையார் 1917-ஆம் ஆண்டு ஏப்ரல் 29-ஆம் நாள் உக்ரைன் நாட்டின் கீவ் நகரில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தார். இயற்பெயர் எலியனோரா டெரன்கோவ்ஸ்கி. தந்தையார் மனநல மருத்துவர். யூதருக்கு எதிரான கொடுமைகளுக்கு அஞ்சிய அக்குடும்பம் 1922-இல் அமெரிக்காவின் சிரக்யூஸ் நகரில் குடியேறியது. 1939-இல் ஸ்மித் கல்லூரியில் ஆங்கில இலக்கியத்தில் முதுகலைப் பட்டம் பெற்ற அவர், பின்னர் நடனமேதை கேத்தரின் டன்ஹாமிடம் செயலாளராகப் பணியாற்றினார். 1942-இல் செக் நாட்டு ஒளிப்பதிவாளர் அலெக்சாண்டர் ஹேமிட்டை மணந்தார். பின்னர் அவர் ஏற்ற 'மாயா' என்னும் பெயர் நாம் நன்கறிந்த 'மாயை' என்னும் வடசொல்லோடு தொடர்புடையது.

தந்தையார் விட்டுச்சென்ற பொருளைக் கொண்டு 16 மி.மீ. ஒளிப்பதிவுக் கருவியொன்றை வாங்கினார். 1943-இல் கணவரும் மனைவியும் தம் இல்லத்திலேயே 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்னூன்' என்னும் படத்தை எடுத்தனர். ஏறத்தாழ 14 நிமிடங்களே ஓடும் அப்படத்தின் நாயகி மாயாவே. உறங்கும் பெண்ணொருத்தியின் கனவில் பூவும் சாவியும் கத்தியும் மீண்டும் மீண்டும் தோன்றுகின்றன. முகம் இருக்கவேண்டிய இடத்தில் கண்ணாடி கொண்ட கரிய உருவம் நடந்து செல்கிறது. அவளே மூவராகி ஒரு மேசையைச் சுற்றி அமர்கிறாள். அவர்களுள் ஒருத்தி கத்தியேந்தி உறங்குபவளை நெருங்குகிறாள். 1944-இல் வெளிவந்த 'அட் லேண்ட்' படத்தில், அலைகள் கரையில் விட்ட பெண்ணாக வருகிறார். விருந்து மேசையின்மீது அவர் ஊர்ந்து செல்கையில் சுற்றியிருப்போர் எவரும் அவரைக் கவனிப்பதில்லை.

தம் அழகைக் காட்டுவது அவர் நோக்கமாயின், தம்மை இவ்வாறு பிளந்தும், பிறர் கண்ணுக்குப் படாதவராக்கியும் காட்டியிருப்பாரா? தம் முகத்தை அவர் ஆய்வுப் பொருளாகவே கொண்டார் என்பது நம் துணிபு.

இத்தகைய படங்களுக்கு அந்நாளில் அரங்குகள் கிடைத்தில. 1946-இல் நியூயார்க்கில் தாமே நாடக அரங்கொன்றை வாடகைக்கு எடுத்துத் தம் படங்களைத் திரையிட்டார். அவ்வாண்டே கூகன்ஹைம் நல்கை கிடைத்தது. 1947-இல் கான் திரைப்பட விழாவில் பரிசும் பெற்றார்.

அந்நல்கையுடன் 1947-இல் ஹெய்டி நாட்டுக்குச் சென்றார். அங்குள்ள மக்களின் வோடூ வழிபாட்டையும் நடனத்தையும் கலைப்படமாக வடிப்பது அவர் எண்ணம். ஆயின், அவ்வழிபாட்டின் ஆழத்தை உணர்ந்தபின், அதனைத் தம் விருப்பப்படி வளைக்க அவர் மனம் ஒப்பவில்லை. பல்லாயிரம் அடி நீளச் சுருள்களைப் பதிவு செய்தும் படத்தை முடித்தாரல்லர். தாம் அறிந்தவற்றை 1953-இல் நூலாக்கினார். அச்சுருள்களைப் பிறர் தொகுத்துப் படமாக்கியது 1985-இல்தான். அம்மையாரோ 1961 அக்டோபர் 13-இல், தம் 44-ஆம் வயதில், மூளையில் ஏற்பட்ட குருதிக்கசிவால் மறைந்துவிட்டிருந்தார்.

அவருடைய முதற்படம் 1990-இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இடம்பெற்றது. எனினும், முடிக்காது விட்ட அச்சுருள்களையும் அவர்தம் பெருமையாகவே நாம் போற்றுகிறோம். தம் உருவத்தைத் தயக்கமின்றிக் கூறுபோட்ட அக்கை, பிறர் நம்பிக்கையின்முன் தயங்கி நின்றது. கலை பயிலும் மாணவச் செல்வங்கள் அவரிடம் கற்கவேண்டியவற்றுள் இத்தயக்கமும் ஒன்று.