மகனுக்காக மகுடம் துறந்த பேகம்

முடியிழந்த மன்னர்கள் பலருண்டு. பெரும்பாலோர் போரில் தோற்று இழந்தார்கள். சிலர் உலகை வெறுத்துத் துறந்தார்கள். வழக்கில் வென்ற பிறகு தாமாகவே இறங்கி, மகனைக் கைபிடித்து ஏற்றி வைத்தவர் போபாலை ஆண்ட நவாப் சுல்தான் ஜஹான் பேகம் ஒருவரே எனலாம்.

1858-ல் பிறந்த இவருடைய குடும்பத்தில் நான்கு தலைமுறைப் பெண்மணிகள் அரசாண்டனர். இவருடைய தாயார் ஷாஜஹான் பேகம் 1860-ல் தம் உரிமையைத் தம் அன்னை சிக்கந்தர் பேகத்துக்கு விட்டுக்கொடுத்து, அவர் வபாத்தான 1868-க்குப் பிறகே ஆட்சிக்கு வந்தார். ஆனால் அதே தாயாருக்கும் சுல்தான் ஜஹானுக்கும் இடையே பல்லாண்டு மனத்தாங்கல். ஒரே ஊரில் இருந்தும் முகம் பார்த்துப் பேசவில்லை. அரண்மனையானால் என்ன, குடிசையானால் என்ன, வீட்டுச் சண்டை ஒன்றுதான்!

1901-ல் பட்டமேறிய பேகம், கோஷாவில் இருந்தபடியே அரசு நடத்தினார். பெண் கல்விக்குப் பாடுபட்டார். 1920-ல் அலிகார் முஸ்லிம் பல்கலைக்கழகத்தின் முதல் வேந்தர் ஆனார்.

1924-ல் பேரிடி விழுந்தது. மூத்த மகன் நஸ்ருல்லாகானும் இரண்டாம் மகன் உபைதுல்லாகானும் சில மாத இடைவெளியில் மௌத்தாகிவிட்டனர். எஞ்சியவர் அலிகாரில் படித்த இளைய மகன் ஹமீதுல்லாகான். மூத்த மகனின் பிள்ளைக்கே பட்டம் என்று ஒரு கட்சி கிளம்பியது. வெள்ளைக்கார அதிகாரிகள் சிலரும் அந்தப் பக்கம் சாய்ந்தனர். மகன் உயிரோடிருக்கப் பேரனுக்குப் பங்கில்லை என்பது நம் பராயிள் சட்டம். பேகம் அதையே பிடித்துக்கொண்டார். கடிதங்கள் பலிக்காமற் போகவே, 1925-ல், அறுபத்தேழு வயதில், கப்பலேறிச் சீமைக்கே போனார்.

1926-ல் தீர்ப்பு அவர் பக்கம் வந்தது. அத்துடன் ஊர் திரும்பி நிம்மதியாக ஆண்டிருக்கலாம். ஆனால் தாம் கண்மூடிய பின் இதே வழக்கு மீண்டும் தலைதூக்காது என்று யார் பிணை? லண்டனில் இருந்தபடியே அரியணையை மகனுக்கு எழுதிக் கொடுத்துவிட்டார். நம் கோலா கெத்தில் பக்கத்தில், எழுபது வயதிலும் கல்லாப்பெட்டிச் சாவியை இடுப்பு வாரைவிட்டு அவிழ்க்காத கடைக்காரர்களை நான் அறிவேன். வாரிசு யாரென்று எல்லாருக்கும் தெரியும். எழுத்தில் மட்டும் ஒன்றும் இராது.

பேரனின் மனம் என்ன பாடுபட்டிருக்கும் என்பதையும் நினைக்கத்தான் வேண்டும். அவனும் தகப்பனை இழந்த பிள்ளைதானே.

ஹமீதுல்லாகானுக்கு வாய்த்தவை மூன்றும் பெண் மக்கள். 1928-ல் மூத்தவர் ஆபிதா சுல்தான் பட்டத்துக்குரியவராக அறிவிக்கப்பட்டார். அதையும் கண்ட பிறகே, 1930 மே 12-ல் பேகம் வபாத்தானார்.