கிரீந்திரசேகர் போஸ்

கிரீந்திரசேகர் போஸ் (ஜனவரி 30, 1887 - ஜூன் 3, 1953) இந்தியாவில் உளப்பகுப்பாய்வுத் துறையைத் தோற்றுவித்த வங்காள மருத்துவர் ஆவார். 1910 இல் கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்ற இவர், உளப்பகுப்பாய்வைத் தாமாகவே கற்றார்.

மனம் சில விருப்பங்களையும் நினைவுகளையும் நனவிலிக்குள் அமிழ்த்துவது குறித்த இவரது ஆய்வேடு 1921 இல் நூலாக வெளிவந்தது. அதனை வியன்னாவிலிருந்த சிக்மண்ட் பிராய்டுக்கு அனுப்பினார். இருவரும் பல ஆண்டுகள் கடிதம் எழுதிக்கொண்டனர், நேரில் சந்தித்ததில்லை. 1922 இல் தமது இல்லத்திலேயே இந்திய உளப்பகுப்பாய்வுக் கழகத்தை நிறுவினார். கழகம் 1940 இல் லும்பினி பார்க் மனநல மருத்துவமனையைத் தொடங்கியது.

போஸ் பிராய்டின் சீடராக மட்டும் இருக்கவில்லை. ஒவ்வொரு விருப்பத்துடனும் அதற்கு நேரெதிரான விருப்பமும் மனதில் எழுகிறது, ஒன்று மேலெழும்போது மற்றது அமிழ்கிறது என்பது இவரது கொள்கை. அமிழ்ந்ததை நனவுக்குக் கொண்டுவருவதே சிகிச்சை என்றார். பிராய்டு இதனை முழுமையாக ஏற்கவில்லை.

அமிழ்ந்த நினைவை அப்படியே மீட்க இயலுமா என்ற கேள்வி இவர் மறைவுக்குப் பின்னரே கடும் விவாதமானது. 1990களில் அமெரிக்காவில், சிகிச்சையின்போது மீண்டதாகக் கூறப்பட்ட நினைவுகளை நம்பி வழக்குகள் தொடரப்பட்டன. நடக்காத நிகழ்வையும் பிறர் தூண்டுதலால் ஒருவர் நினைவுகூரக்கூடும் என எலிசபெத் லாப்டசு சோதனைகளால் காட்டினார். போஸ் சான்றாகக் கொண்டவை நோயாளிகளின் கூற்றுகளே. அவற்றைப் பிற சான்றுகளோடு ஒப்பிடும் வழக்கம் அக்காலத்தில் பரவலாக இல்லை.