வெறுங்காலுடன் சீமையைக் கலக்கிய சலீம்

உத்திரமேரூர்ப் பக்கம் நெல் அறுவடை முடிந்துவிட்டால், பையன்களுக்குக் கொண்டாட்டம்தான். பள்ளிக்கூடம் விட்டதும் காய்ந்த வயலுக்கு ஓடுவார்கள். இந்தப் பக்கம் இரண்டு கல், அந்தப் பக்கம் இரண்டு கல். அதுதான் "கோல்." காலில் செருப்பு கிடையாது. அறுத்த தாள் குத்தும். கட்டைவிரல் நகம் பெயரும். ஆனாலும் ஆட்டம் நிற்காது. பந்து கண்ணுக்குத் தெரியாத அளவு இருட்டிய பிறகுதான் வீட்டு நினைவு வரும்.

இப்படி வெறுங்காலில் பந்து உதைத்துப் பழகிய ஒரு இந்தியர், அதே வெறுங்காலுடன் கப்பல் ஏறிச் சீமைக்குப் போனார். பூட்சு போட்ட வெள்ளைக்காரர்களோடு ஆடினார். அவர்கள் வாயைப் பிளந்து பார்த்தார்கள்!

அவர் பெயர் முகமது சலீம். ஐரோப்பிய கால்பந்து கிளப்புக்கு ஆடிய முதல் இந்தியர் என்று இவரைச் சொல்வார்கள்.

அவர் தமிழ்நாட்டுக்காரர் அல்ல, கல்கத்தாக்காரர். 1904-ம் ஆண்டில் பிறந்தவர். பணக்காரக் குடும்பம் அல்ல.

சிறுவனின் ஆசை

சலீமுக்கு ஏழு வயது இருக்கும்போது, 1911-ம் ஆண்டு ஜூலை 29-ந் தேதி, கல்கத்தாவில் ஒரு பெரிய ஆட்டம் நடந்தது. ஒரு பக்கம் மோகன் பகான் கிளப். மற்றொரு பக்கம் கிழக்கு யார்க்சயர் பட்டாளம். இந்தியர்கள் ஒரு பக்கம், வெள்ளைச் சிப்பாய்கள் மறுபக்கம். மோகன் பகான் ஆட்டக்காரர்களில் ஒருவரைத் தவிர மற்ற எல்லாரும் வெறுங்கால்.

2-1 என்ற கணக்கில் மோகன் பகான் வென்றது. ஐ.எப்.ஏ. கேடயம் முதல் தடவையாக ஒரு இந்திய கிளப்பின் கைக்கு வந்தது.

அன்று கல்கத்தா தெருக்களில் இந்து, முஸ்லிம் என்ற வேற்றுமை இல்லாமல் ஜனங்கள் கூத்தாடினார்கள். வெள்ளைக்காரனை அவன் ஆட்டத்திலேயே தோற்கடிக்கலாம் என்பது அன்றுதான் பலருக்குத் தெரிந்தது. அந்தக் காலத்தில் வளர்ந்த கல்கத்தாப் பையன் எவனுக்கும் கால்பந்து ஆசை பிடிக்காமல் இருந்திருக்க முடியாது. சலீமுக்கும் பிடித்தது.

பல கிளப்புகளில் ஆடிவிட்டு, கடைசியில் முகமதியன் ஸ்போர்ட்டிங் கிளப்பில் வந்து நிலைத்தார். அவர் ஆடிய இடம் வலது ஓரம். அந்த ஓரத்தில் பந்தை உருட்டிக்கொண்டு ஓடி, நடுவில் நிற்பவனுக்குத் தூக்கிக் கொடுப்பது அவர் வேலை. கோல் போட்டவன் பெயர் பேப்பரில் வரும். பந்தைக் கொடுத்தவன் பெயர் வராது. ஆனால் ஆட்டம் தெரிந்தவர்களுக்கு உண்மை தெரியும்.

ஐந்து தடவை

கல்கத்தா லீக் என்பது அந்தக் காலத்தில் சாதாரணப் போட்டி அல்ல. 1898-ம் ஆண்டு முதல் நடந்து வந்தது. 1933 வரை ஒரு இந்திய கிளப்பும் அதை ஜெயித்தது இல்லை. பட்டாளத்து வெள்ளையர்களும், கல்கத்தா வெள்ளையர் கிளப்புகளும்தான் மாறிமாறி வாங்கிக்கொண்டு போனார்கள்.

1934-ம் ஆண்டு முகமதியன் ஸ்போர்ட்டிங் முதல் பிரிவுக்கு வந்தது. வந்த வருடமே ஜெயித்தது! அதோடு விட்டதா? 1935, 1936, 1937, 1938 என்று தொடர்ந்து ஐந்து வருடம் ஜெயித்தது. அந்த அணியின் வலது ஓரத்தில் ஓடியவர் சலீம்.

காணவில்லை!

1936-ம் ஆண்டு. ஜெர்மனியில் பெர்லின் நகரில் ஒலிம்பிக் பந்தயம் நடக்க இருந்தது. அதற்குப் போகும் வழியில் சீன நாட்டுக் கால்பந்து கோஷ்டி கல்கத்தாவில் இறங்கியது. அவர்களோடு இரண்டு ஆட்டம் ஆட ஏற்பாடு.

முதல் ஆட்டத்தில் சலீம் ஆடினார். பார்த்தவர்கள் புகழ்ந்தார்கள். இரண்டாவது ஆட்டத்துக்கும் அவர் பெயர் இருந்தது. ஆனால் ஆளைக் காணோம்!

தேடினார்கள். பத்திரிகையில் விளம்பரம்கூடப் போட்டார்கள். பலன் இல்லை. அதற்குள் சலீம் கப்பலில் போய்க்கொண்டிருந்தார்.

நடந்தது இதுதான். சீமையில் வாழ்ந்த ஹஷீம் என்ற உறவினர் அப்போது கல்கத்தா வந்திருந்தார். முதல் ஆட்டத்தை அவர் பார்த்தார். இந்தக் கால் கல்கத்தாவோடு முடங்கிக் கிடக்கக் கூடாது என்று அவருக்குத் தோன்றியது. என்னோடு வா, அங்கே ஆடிப் பார் என்று வற்புறுத்தினார். சலீம் இணங்கிவிட்டார்.

சொல்லாமல் போனது சரியா என்று கேட்டால், சரி என்று சொல்ல முடியாது. ஆனால் சொல்லிவிட்டுப் போயிருந்தால் விட்டிருப்பார்களா?

வழியில் எகிப்து நாட்டுக் கெய்ரோவில் சில நாள் தங்கினார்கள். பிறகு லண்டன். அங்கிருந்து ஸ்காட்லாந்தில் உள்ள கிளாஸ்கோ நகரம்.

மானேஜர் சிரித்தார்

கிளாஸ்கோவில் செல்டிக் என்று ஒரு கிளப். இன்றும் இருக்கிறது. உலகப் புகழ் பெற்ற கிளப். அதன் கதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். பின்னால் சலீம் செய்த ஒரு காரியம் விளங்குவதற்கு அது உதவும்.

அயர்லாந்தில் பஞ்சம் வந்தபோது பிழைக்க வழி தேடி ஆயிரக்கணக்கான பேர் கிளாஸ்கோவுக்கு ஓடி வந்தார்கள். நகரத்தின் கிழக்குப் பகுதியில் குடிசை போன்ற வீடுகளில் நெருக்கியடித்து வாழ்ந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகள் பட்டினி கிடந்தன. அந்தப் பிள்ளைகளுக்குச் சோறு போடப் பணம் திரட்டுவதற்காக வால்பிரிட் என்ற கிறிஸ்தவத் துறவி 1887-ம் ஆண்டில் ஆரம்பித்ததுதான் செல்டிக் கிளப். கால்பந்து டிக்கெட்டுக் காசில் குழந்தைகளுக்குச் சாப்பாடு!

சலீம் போனபோது செல்டிக்தான் ஸ்காட்லாந்து லீக் சாம்பியன். அதன் மானேஜர் வில்லி மேலி. 1897-ம் ஆண்டு முதல் அந்த வேலையில் இருந்தவர். எத்தனையோ ஆட்டக்காரர்களைப் பார்த்தவர்.

அவரிடம் ஹஷீம் போய் நின்றார். இந்தியாவிலிருந்து ஒரு பெரிய ஆட்டக்காரரை அழைத்து வந்திருக்கிறேன், பரீட்சை பண்ணிப் பாருங்கள் என்றார். கூடவே ஒரு விஷயத்தையும் சொல்லிவிட்டார். அவர் வெறுங்காலில்தான் ஆடுவார்!

மேலிக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

சிரித்ததில் தப்பு இல்லை. அந்தக் காலத்து பூட்சு இரும்பு மாதிரி இருக்கும். கெட்டித் தோல். அடியில் தோல் குமிழ்கள் ஆணியால் அடித்திருக்கும். மிதித்தால் எலும்பு முறியும். பந்தும் அப்படித்தான். கனத்த தோலில் செய்து, வாரால் கட்டியது. மழையில் ஊறினால் கல் போல் ஆகிவிடும். கிளாஸ்கோவில் மழைக்குப் பஞ்சமே இல்லை. நம் ஊர்ப் புழுதி மண் வேறு, அந்த ஊர் ஈரப்புல் வேறு.

இருந்தாலும் மேலி மறுக்கவில்லை. ஒரு வாய்ப்புக் கொடுத்தார். கிளப் அங்கத்தினர்கள் ஆயிரம் பேரும், பயிற்சி கொடுப்பவர்கள் மூன்று பேரும் பார்க்க, சலீம் தன் வித்தையைக் காட்டினார்.

பரீட்சை முடிந்தது. சிரித்தவர் ஆடச் சொன்னார்.

காலடியில் அமர்ந்தவர்

அப்போது எடுத்த ஒரு போட்டோ இருக்கிறது. கால்பந்து சரித்திரம் எழுதுகிறவர்கள் இன்றும் அதை எடுத்துப் போடுகிறார்கள்.

செல்டிக் கிளப்பின் கோடு போட்ட சட்டையுடன் சலீம் உட்கார்ந்திருக்கிறார். அவர் காலடியில் ஒரு வெள்ளைக்காரர். சலீமின் பாதத்தைப் பிடித்துத் துணிக்கட்டுச் சுற்றுகிறார். பூட்சு இல்லாத காலுக்கு அந்தக் கட்டுத்தான் காவல்.

கட்டுகிறவர் யாரோ கூலி ஆள் அல்ல. ஜிம்மி மெக்மெனமி! ஒரு காலத்தில் செல்டிக்கின் பெரிய நட்சத்திரம். 1905 முதல் 1910 வரை தொடர்ந்து ஆறு வருடம் லீக் ஜெயித்த கோஷ்டியில் ஆடியவர். ஸ்காட்லாந்து தேசத்துக்காகவும் ஆடியவர். அவருடைய ஆட்டத் தந்திரத்தைப் பார்த்து "நெப்போலியன்" என்று ஜனங்கள் பட்டம் கொடுத்திருந்தார்கள். வயதான பிறகு கிளப்பில் பயிற்சி கொடுத்து வந்தார்.

இது நடந்தது 1936-ம் ஆண்டு. இந்தியாவில் வெள்ளையர் ஆட்சி. வெள்ளைக்காரர் மட்டும் நுழையும் கிளப்புகள் கல்கத்தாவிலேயே இருந்தன. அந்த நேரத்தில் ஒரு வெள்ளைக்காரர், அதுவும் பேர் பெற்ற ஒருவர், ஒரு இந்தியரின் காலைத் தன் கையில் எடுத்துக் கட்டுப்போடுகிறார். மெக்மெனமிக்கு அது பெரிய விஷயமாகத் தோன்றியிருக்காது. நாளைக்கு ஆடப் போகிறவனின் கால், அதை ஜாக்கிரதையாகக் கட்ட வேண்டும், அவ்வளவுதான். ஆனால் கல்கத்தாவில் அந்தப் படத்தைப் பார்த்தவனுக்கு எப்படி இருந்திருக்கும்!

கட்டைவிரலில் பந்து

ஆகஸ்டு 28-ந் தேதி, வெள்ளிக்கிழமை. செல்டிக் மைதானம். எதிர்க்கட்சி கால்ஸ்டன். இது பெரிய லீக் ஆட்டம் அல்ல. செல்டிக்கின் இரண்டாவது கோஷ்டி ஆடும் போட்டி. ஆனாலும் வெறுங்கால் இந்தியரைப் பார்க்கக் கூட்டம் வந்தது.

பந்து சலீமின் காலுக்கு வந்தது. அதைக் கட்டைவிரலில் நிறுத்தினார். அங்கிருந்து சுண்டுவிரல் வரை உருளவிட்டார். சுழற்றினார். ஒற்றைக் காலில் தத்தி, மறிக்க வந்தவனைச் சுற்றிக்கொண்டு போனார். நடுவில் நின்றவனுக்குத் தட்டிக் கொடுத்தார். அவன் செய்ய வேண்டியது, பந்தைக் கோலுக்குள் தள்ளுவது ஒன்றுதான்!

பூட்சுக்குள் இருக்கும் காலுக்கு விரல்கள் இருப்பதே மறந்துபோகும். சலீமின் காலுக்கோ ஐந்து விரலும் ஐந்து கைவிரல் மாதிரி. வித்தை அதில்தான் இருந்தது.

செல்டிக் 7-1 என்று ஜெயித்தது. ஏழில் மூன்று, சலீம் எடுத்துக் கொடுத்த பந்தில் விழுந்தவை. நடுவில் ஒரு பெனால்டி உதை கிடைத்தது. சலீமை உதைக்கச் சொன்னார்கள். மாட்டேன் என்றுவிட்டார். கூச்சமாம்! அவருக்கு ஆங்கிலம் தெரியாது. ஹஷீம்தான் இரண்டு பக்கத்துக்கும் மொழிபெயர்த்தார்.

மறுநாள் பத்திரிகைகள் அவரை இந்திய மந்திரவாதி என்கிற மாதிரி வர்ணித்தன. ஹாமில்டன் கோஷ்டியோடு ஆடிய ஆட்டத்தில் 5-1 என்ற கணக்கில் செல்டிக்குக்கு வெற்றி.

ஊர் நினைவு

இரண்டு ஆட்டம். இரண்டும் வெற்றி. பத்திரிகையில் படம். கிளப் நிரந்தரமாக இருக்கச் சொல்கிறது. வேறு யாராக இருந்தாலும் அங்கேயே தங்கியிருப்பார்கள்.

சலீமுக்கு வீட்டு நினைவு வந்துவிட்டது.

பாஷை தெரியாத ஊர். குளிர். கூட ஆடியவர்கள் நல்லவர்கள்தான்; ஆனால் பேச முடியாது. ஆட்டம் இல்லாத நேரத்தில் என்ன செய்வது? வெளியூரில் வேலை பார்க்கிறவர்களுக்கு இது புரியும். ஊருக்குப் போகிறேன் என்று சொல்லிவிட்டார்.

கிளப்புக்கு அவரை விட மனம் இல்லை. தங்க வைக்க ஒரு வழி பார்த்தது. அவருக்காக ஒரு தனி ஆட்டம் நடத்துவதாகவும், வசூலில் நூற்றுக்கு ஐந்து பங்கு அவருக்குத் தருவதாகவும் சொன்னது.

நூற்றுக்கு ஐந்து என்றால் எவ்வளவு வரும் என்று சலீமுக்குத் தெரியாது. அந்த ஆட்டத்துக்கு அனாதைக் குழந்தைகளை விசேஷமாக அழைத்து வருவார்கள் என்று கேள்விப்பட்டார். தன் பங்கு முழுவதையும் அந்தக் குழந்தைகளுக்குக் கொடுத்துவிடச் சொன்னார். அது பெரிய தொகை என்று பிறகு தெரிந்தது. திகைத்துப் போனார். ஆனால் சொன்ன சொல் சொன்னதுதான்.

அன்று ஒரு பவுனுக்குப் பதின்மூன்று ரூபாய்க்கு மேல். கொண்டு வந்திருந்தால் கல்கத்தாவில் வீடு வாங்கியிருக்கலாம் என்று நம் வீட்டில் யாராவது சொல்லியிருப்பார்கள். பட்டினிப் பிள்ளைகளுக்காகப் பிறந்த கிளப்புக்கு ஆடப் போனவர், அனாதைப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு திரும்பினார்.

அடுத்த ஆண்டு, 1937 ஏப்ரலில், செல்டிக் ஸ்காட்லாந்துக் கோப்பையின் இறுதி ஆட்டம் ஆடியது. ஏறக்குறைய ஒன்றரை லட்சம் பேர் பார்த்தார்கள். செல்டிக் ஜெயித்தது. தங்கியிருந்தால் சலீம் அந்தக் கூட்டத்தின் முன் ஆடியிருப்பாரோ என்னவோ. அவர் அப்போது கல்கத்தாவில், மறுபடியும் தன் பழைய கிளப்பின் சட்டையோடு இருந்தார். அந்த வருடமும் முகமதியன் ஸ்போர்ட்டிங்தான் லீக் சாம்பியன்.

வெறுங்காலின் முடிவு

சலீம் காட்டிய வித்தையை உலகம் இன்னொரு தடவை பார்த்தது. 1948-ம் ஆண்டு லண்டன் ஒலிம்பிக்கில் சுதந்திர இந்தியாவின் கோஷ்டி பிரான்சோடு மோதியது. நம் ஆட்டக்காரர்கள் பெரும்பாலும் வெறுங்கால். 1-2 என்று தோற்றார்கள். இரண்டு பெனால்டியை வீணாக்காமல் இருந்திருந்தால் கதையே வேறு. இந்தியாவுக்காக அந்த ஒரு கோலைப் போட்டவர் சாரங்கபாணி ராமன்.

1952-ம் ஆண்டு ஹெல்சிங்கி ஒலிம்பிக்கில் யுகோஸ்லாவியாவிடம் 1-10 என்று படுதோல்வி. குளிர் நாட்டில் வெறுங்கால் தாங்கவில்லை. அதற்குப் பிறகு பூட்சு கட்டாயமாயிற்று.

சலீமுக்குப் பிறகு நெடுங்காலம் இந்தியர் எவரும் ஐரோப்பாவில் பேர் எடுக்கவில்லை. பைச்சுங் பூட்டியா இங்கிலாந்தின் பரி கிளப்பில் சேர்ந்தது 1999-ம் ஆண்டில். இடையில் அறுபத்து மூன்று வருடம்!

நூறு பவுன்

ஆட்டம் நின்றது. காலம் ஓடியது. நம் ஊரில் பழைய ஆட்டக்காரரை யார் நினைக்கிறார்கள்? சலீமையும் மறந்தார்கள். முதுமை வந்தது, வியாதியும் வந்தது.

அவருடைய மகன் செல்டிக் கிளப்புக்கு ஒரு கடிதம் எழுதினார். அப்பா நோயாய் இருக்கிறார், வைத்தியத்துக்குப் பணம் வேண்டும் என்று எழுதினார். உண்மையில் பணத்துக்காக அல்ல. இரண்டே ஆட்டம் ஆடிவிட்டு வந்த ஒருவரை, அத்தனை வருடம் கழித்து அங்கே யாராவது நினைவு வைத்திருக்கிறார்களா என்று பார்க்கத்தான் எழுதினார்.

பதில் வந்தது. உறைக்குள் நூறு பவுனுக்கு பாங்கி டிராப்ட் இருந்தது.

வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். பணம் வந்ததற்காக அல்ல. செல்டிக் மறக்கவில்லை என்பதற்காக.

சலீம் 1980-ம் ஆண்டு கல்கத்தாவில் காலமானார். அந்த டிராப்டை மகன் பாங்கியில் போட்டுப் பணமாக்கவில்லை. அப்பாவின் பெயர் எழுதி வந்த காகிதம் என்று வீட்டில் பத்திரமாக வைத்துக்கொண்டார்.