தோலில் எழுதிய வரலாறு: டூபாக் ஷகூரின் 25 ஆண்டுகள்

1971 மே 13 அன்று, கருஞ்சிறுத்தைகள் கட்சியினர் மீது தொடுக்கப்பட்ட சதி வழக்கில் நியூயார்க் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. காவல் நிலையங்களையும் பேரங்காடிகளையும் வெடிவைத்துத் தகர்க்கத் திட்டமிட்டார்கள் என்று சுமத்தப்பட்ட 156 குற்றச்சாட்டுகளில் ஒன்றுகூட நிற்கவில்லை. விடுதலையானவர்களுள் ஒருவர் அஃபெனி ஷகூர் என்னும் 24 வயதுப் பெண். சட்டம் பயிலாத அவர், வழக்கறிஞர் எவரையும் அமர்த்திக்கொள்ளாமல் தமக்காகத் தாமே வாதாடினார். அப்போது அவர் நிறைமாதக் கர்ப்பிணி. ஒரு மாதம் கழித்து, ஜூன் 16 அன்று மகன் பிறந்தான். 1780இல் பெருவில் ஸ்பானிய ஆட்சிக்கு எதிராகப் பழங்குடி மக்களைத் திரட்டியதற்காக மறு ஆண்டே கொடூரமாகக் கொல்லப்பட்ட தலைவரின் பெயரை மகனுக்குச் சூட்டினார்: டூபாக் அமாரு.

உலகெங்கும் சுவரோவியங்களிலும் சட்டைகளிலும் இன்று நாம் காணும் ராப் கலைஞர் டூபாக் ஷகூரின் வாழ்க்கை இந்த நீதிமன்றத்திலிருந்தே தொடங்குகிறது. அவர் ஓர் இயக்கத்தின் பிள்ளை. ஆனால் அவர் வளர்ந்து ஆளானபோது அந்த இயக்கம் உயிரோடு இல்லை. இவ்விரண்டையும் சேர்த்துப் பார்க்காமல் அவருடைய பாடல்களையும், பச்சை குத்திய அவருடைய உடலையும், 25 வயதில் நேர்ந்த மரணத்தையும் புரிந்துகொள்ள இயலாது.

கருஞ்சிறுத்தைகளை ஒழிப்பதைத் தன் கடமையாகவே எஃப்.பி.ஐ. மேற்கொண்டது. உளவாளிகளை ஊடுருவச் செய்தது, தோழர்களிடையே பகைமூட்டியது. 1969 டிசம்பரில் சிகாகோவில் 21 வயது ஃபிரெட் ஹாம்ப்டனைக் காவல்துறை அவருடைய படுக்கையறையிலேயே சுட்டுக் கொன்றது. டூபாக்கின் ஞானத்தந்தை ஜெரோனிமோ பிராட் 27 ஆண்டுகள் சிறையில் கழிந்த பின்னரே, தண்டனை ரத்தாகி வெளியே வந்தார். வளர்ப்புத் தந்தை முட்டுலு ஷகூர் பல ஆண்டுகள் தலைமறைவாக இருந்து 1986இல் கைதானார். சிறுவனின் குடும்பப் படத்தில் இருந்தவர்கள் சிறையிலோ தலைமறைவிலோ கல்லறையிலோ இருந்தார்கள்.

அஃபெனி வாடகை கட்ட வழியின்றி வீடு மாறிக்கொண்டே இருந்தார். அந்த வறுமைக்கு நடுவிலும் மகனுக்குக் கலை வாய்த்தது. பன்னிரண்டு பதின்மூன்று வயதில் ஹார்லெமின் அப்போலோ அரங்கில் நாடக மேடை ஏறினான். பால்டிமோர் கலைப் பள்ளியில் நடிப்பும் கவிதையும் பாலே நடனமும் பயின்றான். 1988இல் குடும்பம் கலிஃபோர்னியாவின் மாரின் சிட்டிக்குப் பெயர்ந்ததும் அப்படிப்பு பாதியில் நின்றது. அதே காலத்தில் தாய் கிராக் போதைக்கு அடிமையானார். நீதிமன்றத்தில் அரசை எதிர்த்து வென்றவரை, கறுப்பினக் குடியிருப்புகளைச் சூறையாடிய போதைப்பொருள் வீழ்த்தியது.

‘டிஜிட்டல் அண்டர்கிரவுண்ட்’ குழுவில் பெட்டி தூக்குபவராகவும் நடனக்காரராகவும் சேர்ந்த டூபாக், 1991 நவம்பரில் தம் முதல் ஆல்பத்தை வெளியிட்டார். காவல்துறை வன்முறையும், கருவுற்ற 12 வயதுச் சிறுமியின் கதையும் அதில் இடம்பெற்றன. அதற்குச் சில வாரங்களுக்கு முன்பு, சாலையை முறையின்றிக் கடந்தார் என்று கூறி ஓக்லாந்து காவலர்கள் அவரைத் தாக்கியிருந்தனர். ஒரு கோடி டாலர் இழப்பீடு கேட்டு வழக்குத் தொடுத்தார். ஏறத்தாழ 42,000 டாலரில் வழக்கு முடிந்தது. மறு ஆண்டு, டெக்சாஸ் காவலர் ஒருவரின் கொலைக்கு இந்த ஆல்பமே தூண்டுதல் என்ற வாதம் எழுந்தபோது, துணைக் குடியரசுத் தலைவர் டான் குவெயில் அதை வெளிப்படையாகக் கண்டித்தார். பாடல் கூறிய வன்முறையைப் பற்றி எழாத கூச்சல், பாடலைப் பற்றி எழுந்தது.

இதே ஆண்டுகளில் அவர் தம் உடலில் எழுதத் தொடங்கினார். வயிற்றின் குறுக்கே ‘தக் லைஃப்’ என்ற சொற்கள்; அவற்றில் ஓர் எழுத்துக்குப் பதிலாகத் துப்பாக்கித் தோட்டா. மார்பில் எகிப்திய அரசி நெஃபர்டிட்டி. முதுகில் சிலுவை. ரவுடி என்று சமூகம் சூட்டிய வசைப்பெயரையே எடுத்துத் தம் வயிற்றில் பொறித்துக்கொண்ட அவர், அதற்குப் புதுப்பொருளும் சொன்னார்: குழந்தைகளின் உள்ளத்தில் விதைக்கப்படும் வெறுப்பு, நாளை முழுச் சமூகத்தையும் தாக்கும். 1992இல், சிறையிலிருந்த முட்டுலுவின் துணையோடு, தெருக்குழுக்களுக்கான நெறிமுறை ஒன்றையும் உருவாக்கினார். குழந்தைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் போதைப்பொருள் விற்கக் கூடாது என்பது அதன் விதிகளுள் ஒன்று.

இந்தப் பச்சைக்கு நெடிய முன்வரலாறு உண்டு. அடிமைகளின் தோலில் உடைமையாளரின் முத்திரையைப் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் பதித்த நாடு அது. அந்தத் தோலில் தம் சொல்லைத் தாமே எழுதுவது, இது யாருடைய உடல் என்ற கேள்விக்கான விடையாகும். கோயில் நுழைவு மறுக்கப்பட்ட சத்தீஸ்கரின் ராம்நாமிகள், கடவுளின் பெயரைத் தம் உடல் முழுவதும் பச்சை குத்திக்கொண்டதை அறிந்த நமக்கு இது அந்நியமன்று.

ஆயினும் அவரை வழிபடுவது நம் வேலையன்று. 1994 டிசம்பரில், ஒரு பெண்ணைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கிய குற்றத்தில் நடுவர் குழு அவரைக் குற்றவாளி எனத் தீர்ப்பளித்தது. அவர் அதை மறுத்தே வந்தார். கறுப்பினப் பெண்களின் துயரை உருக்கத்தோடு பாடியவர் அவர்தான் என்பதும் உண்மை. அந்தத் தீர்ப்பும் உண்மை. ஒன்றைக் காட்டி மற்றொன்றை மறைப்பவர், நம் இயக்கங்களுக்குள் பெண்கள் எழுப்பும் குரலையும் நாளை மறைப்பார்.

அவர் சிறையிலிருந்தபோதே மூன்றாம் ஆல்பம் விற்பனையில் முதலிடம் பிடித்தது. தாயின் வீழ்ச்சியையும் தியாகத்தையும் ஒருங்கே ஏற்றுப் போற்றும் ‘டியர் மாமா’ அதில்தான் உள்ளது. 1995 அக்டோபரில் 14 லட்சம் டாலர் பிணையில் வெளிவந்தார். பிணைக்கு ஏற்பாடு செய்தது டெத் ரோ நிறுவனம். அதற்கு ஈடாக அவர் அந்நிறுவனத்துக்கு ஆல்பங்கள் தர ஒப்பந்தமானார். அரசின் சிறையிலிருந்து சந்தையின் பிடிக்கு மாறினார். அரசை நோக்கியிருந்த கோபம், கிழக்குக் கடற்கரைக்கும் மேற்குக் கடற்கரைக்கும் இடையிலான சகோதரப் பகையாகத் திரிந்தது. அந்தப் பகை கோடிக்கணக்கில் விற்றது. 1996 செப்டம்பர் 7 அன்று லாஸ் வேகாஸ் சாலையில் சுடப்பட்டு, 13ஆம் நாள் இறந்தார். அவ்வழக்கில் முதல் கைது நடக்க 27 ஆண்டுகள் ஆயின.

டூபாக் பிறந்த மறு ஆண்டு, 1972இல், நாம்தேவ் தசாலும் ராஜா தாலேயும் ஜெ.வி. பவாரும் அதே சிறுத்தையின் பெயரால் பம்பாயில் தலித் பேந்தர்ஸைத் தொடங்கினார்கள். 1980களில் அப்பெயர் மதுரைக்கும் வந்தது. பெயரைப் பெற்றுக்கொண்ட நாம், அந்தக் குடும்பத்தின் பாடத்தையும் பெற்றுக்கொள்ள வேண்டும். டூபாக்கிடம் கோபம் இருந்தது, மொழி இருந்தது, துணிவு இருந்தது. இவற்றைத் தாங்கிப் பிடித்து, தவறும்போது தட்டிக்கேட்கும் அமைப்பு இல்லை. அதை அவர் பிறப்பதற்கு முன்பே அரசு உடைக்கத் தொடங்கியிருந்தது. அமைப்பை இழந்த கோபத்தைச் சந்தை எளிதில் விலைக்கு வாங்கியது.

போதையிலிருந்து மீண்டிருந்த அஃபெனி, மகன் இறந்தபின் மீண்டும் நீதிமன்றம் ஏறினார். இம்முறை, மகனின் பாடல்களை நிறுவனத்திடமிருந்து மீட்பதற்காக. 1997இல் அவன் பெயரில் அறக்கட்டளை தொடங்கி, ஏழைப் பிள்ளைகளுக்குக் கலைப்பயிற்சி அளிக்கச் செய்தார். பால்டிமோரில் மகனுக்குப் பாதியில் நின்ற கல்வியை மற்றப் பிள்ளைகளுக்குக் கொடுக்க முயன்ற அவர், 2016இல் மறைந்தார்.