ராஜா சாண்டோ

பேச்சும் பாட்டும் இல்லாத ஊமைப் படக் காலத்தில், பார்ப்போரைச் சிரிக்கவும் வியக்கவும் செய்தது பெரும்பாலும் உடல் வித்தையே. அமெரிக்க விகட மேடைகளில் தந்தையால் தூக்கி எறியப்பட்டே வளர்ந்த பஸ்டர் கீட்டன் 1917-ல் படத்துறை புகுந்து உலகையே நகைக்க வைத்தார். அவருக்கும் முன்னே, அத்தகைய மேடைகளில் பளு தூக்கிய யூஜீன் சாண்டோ என்னும் பயில்வானை எடிசன் கூடத்தார் 1894-லேயே படம் பிடித்தனர். அச்சாண்டோவின் புகழ் நம் நாட்டிலும் பரவிற்று. கையில்லாப் பனியனுக்குங்கூட அவர் பெயரே வழங்கலாயிற்று.

அப்பெயரைத் தமது பெயராக்கிக் கொண்டவர் புதுக்கோட்டையிற் பிறந்த நாகலிங்கம். தேகப் பயிற்சியில் தேர்ந்த அவர் பம்பாய் சென்று, எஸ். என். பாடன்கரின் கம்பெனியில், சண்டையும் தாவலும் செய்யும் நடிகராய் அமர்ந்தார். 1922-ல் ‘பக்த போதனா’ என்னும் படத்தில் தலைமை வேடம் கிடைத்தது. ஊதியம் 101 ரூபாய். ‘வீர பீம்சேன்’ (1923), ‘டெலிபோன் கேர்ள்’ (1926) முதலிய படங்களால் அவர் புகழ் ஓங்கிற்று. தமிழர் ஒருவர் பம்பாயிற் கதாநாயகராய் விளங்க மொழி தடையாகவில்லை, படந்தான் ஊமையாயிற்றே!

தோள்வலியால் உயர்ந்தவர், இயக்குநரானபின் தோள்வலியையே படமாக்குவார் என்று நாம் எதிர்பார்ப்போம். அவர் செய்ததோ வேறு. சென்னையில் ஆர். பத்மநாபனின் கம்பெனிக்காக ‘பேயும் பெண்ணும்’ (1930), ‘அநாதைப் பெண்’ (1931) முதலியவற்றை எடுத்தார். புராணக் கதைகளே மலிந்திருந்த நாளில், நம் இல்லங்களின் துயரைத் திரையிற் காட்டத் துணிந்தமையே அவரது மெய்யான ஆண்மை என்பது எமது கருத்து. பின்னாளிற் பெயர் பெற்ற கே. சுப்பிரமணியம் அவருடன் உழைத்துத் தொழில் பயின்றவர். பேசும் படம் வந்தபின் 1935-ல் அவர் இயக்கிய ‘மேனகா’வில்தான் என். எஸ். கிருஷ்ணன் திரையிற் தோன்றினார். ராஜா சாண்டோ 1943-ல் கோயம்புத்தூரிற் காலமானார்.

கொல்லிமலைத் தலைவன் வல்வில் ஓரி எய்த ஓரம்பு யானை, புலி, மான், பன்றி, உடும்பு ஆகிய ஐந்தையும் துளைத்த செய்தியைப் புறநானூறு இன்றளவும் காத்து நிற்கிறது. ஏட்டுச் சுவடியைப் பெயர்த்தெழுதிக் காத்தவர் இருந்தனர். பிலிமைக் காப்பார் இல்லை. அக்காலப் பிலிம் எளிதிற் தீப்பற்றும்; ஓடித் தேய்ந்தபின் அதிலுள்ள வெள்ளிக்காக அழிக்கப்பட்டதும் உண்டு. ராஜா சாண்டோ சென்னையில் எடுத்த ஊமைப் படங்களுள் ஒன்றேனும் இன்று காணக் கிடைக்கவில்லை.