ஓர் இரவின் அழைப்பு: டாக்டர் ஐடா ஸ்கடர் அம்மையார்

இறை நம்பிக்கை உள்ளத்தளவில் நின்றுவிடின் அதன் பயன் நம்பியவர்க்கு மட்டுமே. அது கைகளில் இறங்கித் தொண்டாக மாறும்போது ஊரெல்லாம் அதன் பயனை நுகர்கின்றது. வட ஆர்க்காட்டு மண்ணில் அத்தகைய வாழ்வு வாழ்ந்து காட்டியவர் டாக்டர் ஐடா ஸ்கடர் அம்மையார். அவர் கிறித்தவச் சமயத் தொண்டர். நாம் இஸ்லாமிய நெறியில் நிற்போர். எனினும் அவர் வாழ்வின் திருப்புமுனையில் ஓர் இஸ்லாமிய இல்லத்தின் கண்ணீரும் கலந்திருக்கின்றது. ஆதலின் அவர் வரலாறு நாமும் அறிந்து சிந்திக்கத் தக்கதாகும்.

அம்மையாரின் பாட்டனார் ஜான் ஸ்கடர், நியூயார்க் நகரில் நற்பெயர் பெற்ற மருத்துவர். அத்தொழிலைத் துறந்து 1819ஆம் ஆண்டு கப்பலேறி இலங்கைக்கும், பின்னர்ச் சென்னைக்கும் வந்து மருத்துவத் தொண்டும் சமயத் தொண்டும் ஆற்றினார். அவருடைய மக்களும் அவ்வழியே நடந்தனர். அம்மரபில், 1870ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 9ஆம் நாள், இராணிப்பேட்டையில் ஐடா பிறந்தார். சென்னை மாகாணத்தைச் சூறையாடிய 1877ஆம் ஆண்டுப் பெரும் பஞ்சத்தைச் சிறுமியாக இருந்தபோதே கண்டார். பசியால் நிமிர இயலாத குழந்தைகளின் வாயில் தம் சிறு கைகளால் உணவை ஊட்டிய நினைவு அவரை நெடுநாள் வாட்டியது.

துயரத்தைக் கண்டவர் எல்லாரும் உடனே தொண்டராகிவிடுவதில்லை. இளம் ஐடாவும் அத்துயரத்திலிருந்து விலகிச் செல்லவே விரும்பினார். குடும்பத்தார் அனைவரும் ஏற்ற பணியைத் தாம் மட்டும் ஏற்பதில்லை என்று உறுதி பூண்டார். அமெரிக்காவில் கல்வி பயின்று, அங்கேயே வளமாக வாழ வேண்டும் என்பதே அவரது கனவாக இருந்தது. தாயார் நோயுற்ற செய்தி கேட்டு, 1890ஆம் ஆண்டு அவரைப் பேணுவதற்காக மட்டுமே திண்டிவனம் வந்தார். தாயார் நலம் பெற்றதும் திரும்பிவிட எண்ணியிருந்தார்.

அங்குதான் அந்த இரவு வந்தது. விளக்கொளியில் அமர்ந்திருந்த ஐடாவை நாடி ஓர் அந்தணர் வந்தார். அவருடைய இளம் மனைவி மகப்பேற்றில் உயிருக்குப் போராடிக்கொண்டிருந்தாள். மருத்துவரான தம் தந்தையார் வருவார் என்று ஐடா கூறியபோது, அந்நிய ஆடவர் தம் இல்லத்துப் பெண்ணைக் காண மரபு இடந்தராது என மறுத்து அவர் திரும்பினார். சிறிது நேரத்தில் ஓர் இஸ்லாமியர் வந்தார். அதே துயரம், அதே வேண்டுதல், அதே மறுப்பு. மூன்றாவதாக மற்றொரு இந்துக் குலத்தவர் வந்தார். அவரும் வெறுங்கையோடு திரும்பினார். மருத்துவம் பயிலாத தம்மால் ஆவது ஏதுமில்லை என்று ஐடா கலங்கினார். அவ்விரவு முழுதும் உறக்கமின்றி இறைவனிடம் மன்றாடினார். பொழுது புலர்ந்தபோது ஊருக்குள்ளிருந்து சாவுப் பறை ஒலித்தது. மூன்று பெண்களும் இறந்துவிட்டனர் எனப் பணியாள் வந்து சொன்னார்.

அம்மூவரும் நோயால் மட்டும் இறந்தவர் அல்லர். மருத்துவர் அருகிலேயே இருந்தார்; மருந்தும் இருந்தது. பெண் மருத்துவர் ஒருவர் இல்லாமையே அவர்தம் உயிரைக் கவர்ந்தது. அக்குறையை நீக்குவதே தமக்கு இறைவன் இட்ட கட்டளை என ஐடா தெளிந்தார். தம் விருப்பத்தை அக்கட்டளைக்கு உட்படுத்தினார். அவரது பக்தியின் உயிர்நிலை இதுவேயாகும்.

மீண்டும் அமெரிக்கா சென்று, 1895ஆம் ஆண்டு பிலடெல்பியா மகளிர் மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். பின்னர் நியூயார்க்கில் கார்னெல் மருத்துவக் கல்லூரி பெண்களுக்குக் கதவு திறந்தபோது அங்கு மாறி, 1899ஆம் ஆண்டு பட்டம் பெற்றார். வேலூரில் மகளிர் மருத்துவமனை எழுப்ப ஷெல் என்னும் செல்வர், மறைந்த தம் மனைவியின் நினைவாகப் பத்தாயிரம் டாலர் வழங்கினார். 1900ஆம் ஆண்டின் தொடக்கத்தில் ஐடா தாயகம் போன்ற தமிழ்மண்ணை மீண்டும் மிதித்தார். அவ்வாண்டே தந்தையார் மறைந்தார். வழிகாட்ட எவருமின்றி, வேலூர் இல்லத்தின் சிறு அறையில் ஒரே படுக்கையுடன் மருத்துவப் பணி தொடங்கிற்று. முதலில் மக்கள் தயங்கினர்; பின்னர்த் திரளாக வந்தனர். 1902ஆம் ஆண்டு, நாற்பது படுக்கைகள் கொண்ட மேரி டேபர் ஷெல் மருத்துவமனை எழுந்தது.

வரவியலாத நோயாளரைத் தேடி அவரே சென்றார். வேலூரிலிருந்து குடியாத்தம் செல்லும் சாலையில், மரநிழல்களே மருத்துவ நிலையங்களாயின. மாட்டுவண்டியில் தொடங்கிய அப்பயணம் 1909ஆம் ஆண்டு முதல் மோட்டார் வண்டியில் தொடர்ந்தது. ஊரார் தீண்டவும் அஞ்சிய தொழுநோயாளருக்கும் அச்சாலையோரத்தில் மருந்து கிடைத்தது. அறுவை மருத்துவம் செய்யுமுன் இறைவனை வேண்டிக்கொள்வது அவர்தம் வழக்கமாக இருந்தது.

தாம் ஒருவரே ஓடி ஓடி உழைப்பினும், திண்டிவனத்து இரவுகள் ஆயிரம் ஊர்களில் நிகழ்ந்துகொண்டேயிருக்கும் என்பதை அவர் உணர்ந்தார். இந்நாட்டுப் பெண்களையே மருத்துவராக்குவதன்றி வேறு வழியில்லை என முடிவு செய்தார். 1909ஆம் ஆண்டு செவிலியர் பள்ளியும், 1918ஆம் ஆண்டு மகளிர் மருத்துவப் பள்ளியும் தோன்றின. பெண்கள் மருத்துவம் பயில முன்வருவரோ, வரினும் தேறுவரோ என்று அதிகாரிகள் ஐயுற்றனர். முதலாண்டுத் தேர்வு எழுதிய பதினான்கு மாணவியரும் தேறி, அவ்வையத்தைத் தீர்த்தனர்.

முதுமையில் பெருஞ்சோதனை ஒன்று வந்தது. மருத்துவப் பட்டயக் கல்வி ஒழிக்கப்பட்டுப் பட்டக் கல்வியே ஏற்கப்படும் என 1930களின் இறுதியில் அரசு முடிவெடுத்தது. பள்ளியைக் கல்லூரியாக உயர்த்தப் பெரும்பொருள் வேண்டியிருந்தது. உலகப் போர் மூண்டிருந்த 1941ஆம் ஆண்டில், எழுபது வயதைக் கடந்த அம்மையார் அமெரிக்கா சென்று ஊர் ஊராக உதவி வேண்டினார். ஆடவரையும் சேர்த்துக்கொண்டாலன்றி நிறுவனம் நிலைக்காது என்ற நிலை வந்தபோது, நெடுங்காலம் துணைநின்ற நண்பர் சிலரே அதனை எதிர்த்தனர். நட்பினும் நோயாளர் நலனே பெரிதெனக் கொண்டார் அம்மையார். 1947ஆம் ஆண்டு ஆண் மாணவர்களும் சேர்க்கப்பட்டனர். இன்று நாடெங்கிலுமிருந்து நோயாளர் நாடிவரும் வேலூர்க் கிறித்தவ மருத்துவக் கல்லூரி வளர்ந்த வரலாறு இதுவாகும். 1946ஆம் ஆண்டு பொறுப்பிலிருந்து ஓய்வு பெற்ற அம்மையார், 1960ஆம் ஆண்டு மே மாதம் கோடைக்கானலில் தம் எண்பத்தொன்பதாம் வயதில் மறைந்தார். அவர் மணம் புரிந்துகொள்ளவில்லை. அந்நிறுவனமே அவர் குடும்பமாயிற்று.

அவர் தம் சமயத்தைப் பரப்பவும் விரும்பினார் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. அது அவர் ஏற்ற பணியின் ஒரு கூறு. கொள்கையில் நாம் அவரோடு வேறுபடுகின்றோம். ஆயினும் நோயுற்ற பெண்ணின் அருகே நின்ற அந்தக் கைகளை மதிக்க அவ்வேறுபாடு தடையாகாது.

இறுதியாக நாம் நம்மை நோக்கி ஒரு வினா எழுப்பிக்கொள்ள வேண்டும். அன்று அந்த இஸ்லாமியப் பெண்ணின் உயிரைக் காக்க அவள் சமுதாயத்தில் ஒரு பெண் மருத்துவர் ஏன் இல்லை? நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் காலத்திலேயே ருஃபைதா (ரலி) அம்மையார் கூடாரம் அமைத்துப் போரில் காயமுற்றோர்க்கு மருத்துவம் செய்தார் என்பது வரலாறு. பெண்ணின் நாணத்தைப் பேணுதல் நம் கடமை. அதனைப் பேணிக்கொண்டே அவள் உயிரையும் காக்கும் மருத்துவத்தை நம் பெண்மக்களுக்குக் கற்பித்தலும் நம் கடமையே. முதற்கடமையை நினைவில் வைத்து இரண்டாவதை நாம் மறந்த காலத்தில், கடல் கடந்து வந்த குடும்பத்துப் பெண் ஒருத்தி அதனைத் தன் தோளில் சுமந்தாள்.

மருத்துவம் பயில விரும்பும் மகளைத் தயக்கத்தோடு நோக்கும் பெற்றோர், அந்த இரவில் வாயில்தோறும் அலைந்து வெறுங்கையோடு வீடு திரும்பிய கணவரை ஒரு கணம் எண்ணிப் பார்ப்பாராக. அம்மையாருக்கு நாம் செலுத்தும் நன்றி அத்தயக்கத்தை நீக்குவதேயாகும்.